கண்ணோட்டம் என்னும் சொல்
(சங்கத்தின் ஆண்டு விழாவில் ஆற்றிய சொற்பொழிவு)

குட்வில் எஸ்டேட்டிலிருந்தும் சுற்றுப்புறங்களிலிருந்தும் இங்கே திரண்டு வந்திருக்கும் தாய்மார்களே, பெரியோர்களே, இளைஞர்களே!

பயணிகள் இரயில் ஒன்றுகூட ஓடாத இத்தீவுகளுக்கு ஓர் இரயில்வே எழுத்தனைப் பேச அழைத்திருக்கிறீர்கள். இதனை உங்கள் பெருந்தன்மை என்றே சொல்ல வேண்டும். நான் புலவன் அல்லன். பத்தாம் வகுப்புத் தேறியதோடு பள்ளிக்கு விடை கொடுத்தவன். இருபது ஆண்டுகளாகச் சென்னையில் முன்பதிவுச் சன்னலுக்குப் பின்னால் அமர்ந்து பயணச் சீட்டு வழங்கி வருபவன். தமிழ் எனக்குத் தொழில் அன்று; ஓய்வு நேரத்துத் துணை. ஆகவே என் உரையில் குறை காணின் பொறுத்தருளுமாறு வேண்டிக்கொள்கிறேன்.

அன்பைக் குறிக்கும் தமிழ்ச் சொல் ஒன்றைப் பற்றிப் பேசுமாறு செயலாளர் எழுதியிருந்தார். அன்பு, பரிவு, கனிவு, நேயம், அளி, வாஞ்சை என்று அன்புக்கு நம் மொழியில் சொற்களுக்குப் பஞ்சமில்லை. எதனை எடுப்பது என்று மயங்கியிருந்தேன். அப்பொழுது உங்கள் ஊரின் பெயரே எனக்கு வழிகாட்டியது. குட்வில் என்னும் ஆங்கிலச் சொல்லை நல்லெண்ணம் என்று தமிழாக்குவோம். நல்லெண்ணம் நல்லதே. ஆயினும் அஃது எண்ணத்தின் அளவில் நிற்பது. ஒருவன் உள்ளத்தே அது உண்டா இல்லையா என்பதைப் பிறர் அறிவதற்கில்லை. அவ்வெண்ணம் உள்ளத்தை விட்டுப் புறப்பட்டு, எதிரே நிற்பவனைச் சென்று சேருமாயின் அதற்கு என்ன பெயர்? அதற்கும் ஒரு சொல் தமிழில் உண்டு. அதுவே கண்ணோட்டம்.

இச்சொல்லைக் கேட்டவுடன் இளைஞர்களின் நினைவுக்கு வருவது வேறொரு பொருளாக இருக்கும். பொருளாதாரக் கண்ணோட்டம், வரலாற்றுக் கண்ணோட்டம், அறிவியல் கண்ணோட்டம் என்று நாளிதழ்களில் நாம் படிக்கிறோம். "உங்கள் கண்ணோட்டம் வேறு, என் கண்ணோட்டம் வேறு" என்று மேடைகளில் வாதிடுகிறோம். ஒரு பொருளை எந்தப் பக்கத்திலிருந்து பார்க்கிறோம் என்பதே இன்று அச்சொல்லின் பொருளாகிவிட்டது. ஆனால் பழந்தமிழில் கண்ணோட்டம் என்பது பார்க்கும் கோணம் அன்று; பார்க்கப்படுவோன்பால் உண்டாகும் இரக்கம். கண்ணோட்டம் உடையவன் என்றால் கருத்து உடையவன் என்று அன்றைய தமிழர் கொள்ளவில்லை. ஈரம் உடையவன் என்றே கொண்டனர்.

சொல்லைப் பிரித்துப் பார்த்தால் உண்மை விளங்கும். கண், ஓட்டம் என்னும் இரண்டு சொற்களால் ஆனது இது. கண் ஓடுகிறது. எங்கே ஓடுகிறது? எதிரே நிற்கும் மனிதனை நோக்கி ஓடுகிறது. தாய் அடுப்படியில் வேலையாக இருக்கும்போதும் அவள் கண் தொட்டிலை நோக்கி ஓடுவதில்லையா? பள்ளத்தை நோக்கித் தண்ணீர் ஓடுவது போல, துன்பத்தை நோக்கிக் கண் ஓடுவது இயல்பு. அவ்வியல்பையே நம் முன்னோர் ஒரு பண்பாகப் பெயரிட்டு வைத்தனர். திருக்குறளுக்கு உரை கண்ட பரிமேலழகர், பழகியவரைக் கண்டவிடத்து அவர் சொல்வதை மறுக்க இயலாமையே கண்ணோட்டம் என்று விளக்குகிறார்; கண் அவர்மேல் செல்லும்போது நிகழ்வதால் அதற்கு இப்பெயர் வந்தது என்றும் காரணம் காட்டுகிறார்.

திருவள்ளுவர் இதனை எங்கே வைத்தார் என்பது ஆராயத்தக்கது. குறளில் அன்புடைமை எட்டாம் அதிகாரம். அஃது இல்லறவியலில் உள்ளது. அருளுடைமை இருபத்தைந்தாம் அதிகாரம். அது துறவறவியலில் உள்ளது. கண்ணோட்டம் ஐம்பத்தெட்டாம் அதிகாரம். அது பொருட்பாலில், அரசியலில் உள்ளது. அன்பு நம்மோடு தொடர்புடையாரிடம் செல்வது; அருள் தொடர்பு நோக்காமல் எவ்வுயிர்க்கும் இரங்குவது. ஒன்று வீட்டில் விளைவது; மற்றொன்று துறவியின் உள்ளத்தில் முதிர்வது. இவ்விரண்டுக்கும் இடையே, ஆட்சிப் பொறுப்பில் இருப்பவனுக்கு என்று தனியாக ஒரு பண்பு வேண்டியிருந்தது. அவன் எல்லாரையும் பெற்ற பிள்ளை போல் நேசிக்க முடியாது. உலகைத் துறந்த முனிவனாகவும் வாழ முடியாது. ஆயினும் தன் முன்னே வந்து நிற்பவனை மனிதனாகப் பார்க்க முடியும். அதற்கே கண்ணோட்டம் என்று பெயர்.

அன்று ஆட்சிப் பொறுப்பு என்றால் அரசனும் அமைச்சனும். இன்று? சன்னலுக்கு அப்பால் ஒருவன் மனுவோடு நிற்க, இப்பால் ஒருவன் முத்திரையோடு அமர்ந்திருந்தால், அமர்ந்திருப்பவன் அந்தச் சில நிமிடங்களுக்கு அரசனே. அஞ்சலகத்திலும், மருத்துவமனையிலும், நியாய விலைக் கடையிலும், கப்பல் சீட்டு வழங்கும் இடத்திலும், என்னைப் போன்றோர் அமர்ந்திருக்கும் இரயில் நிலையத்திலும் இந்தச் சிற்றரசர்கள் இருக்கிறார்கள். ஐம்பத்தெட்டாம் அதிகாரம் எங்களைப் பார்த்துச் சொன்னதாகவே நான் கொள்கிறேன். இரக்கம் காட்டாத கண், முகத்தில் இருந்தும் பயனில்லாதது என்பது வள்ளுவர் அங்கே தரும் தீர்ப்பு.

நிற்க. நூலில் உள்ள சொல்லின் பழம்பொருள் மக்கள் வழக்கில் மறைந்துவிட்டதா என்றால், சொல் மறைந்தது, பொருள் மறையவில்லை. "ஏறெடுத்தும் பார்க்கவில்லை" என்று ஒருவர் குறைப்பட்டுக்கொள்கிறார். "முகங்கொடுத்துப் பேசவில்லை" என்று மற்றொருவர் வருந்துகிறார். "எங்கள் தெருவையும் கொஞ்சம் கண் திறந்து பாருங்கள்" என்று ஊரார் அதிகாரியிடம் முறையிடுகின்றனர். இவ்வளவு வழக்கிலும் கேட்கப்படுவது பணம் அன்று, பார்வை. உதவி பிறகு வரட்டும், முதலில் எங்கள்பக்கம் கண் திரும்பட்டும் என்பதே ஏழையின் முதல் விண்ணப்பம். கண்ணோட்டம் என்னும் சொல்லை அறியாத பாட்டியும் அப்பொருளை நன்கு அறிந்தே பேசுகிறாள்.

வடமொழியிலிருந்து வந்த தாட்சணியம் என்னும் சொல்லும் இப்பொருளில் நம்மிடையே வழங்குகிறது. முகதாட்சணியம் என்பது ஒருவர் முகத்தைப் பார்த்தபின் மறுக்க முடியாமல் போவது. ஆனால் அச்சொல்லுக்கு நேர்ந்த கதியைப் பாருங்கள். "தாட்சணியம் தன நாசம்" என்று பழமொழி எழுந்தது. "தயவு தாட்சணியமின்றி நடவடிக்கை எடுக்கப்படும்" என்பது அறிவிப்புகளின் வாய்பாடாகிவிட்டது. இரக்கம் இல்லாமையே நேர்மைக்குச் சான்று என்னும் எண்ணம் எப்படியோ நம்மிடம் புகுந்துவிட்டது.

இதற்குக் காரணம் இல்லாமல் இல்லை. அலுவலகத்தில் இருப்போர் இதனை நன்கு அறிவர். வரிசையில் நூறு பேர் நிற்கும்போது, தெரிந்தவர் ஒருவர் பக்கக் கதவு வழியே வந்து, "நமக்குள் என்ன" என்று சிரித்துக்கொண்டு படிவத்தை நீட்டுகிறார். பழகியவர் சொல்லை மறுக்க இயலாமைதான் கண்ணோட்டம் என்றால், அவருக்கு முதலில் சீட்டுக் கொடுப்பதும் கண்ணோட்டம் ஆகாதா? இவ்வையம் வள்ளுவருக்கும் எழுந்திருக்க வேண்டும். அதனால்தான் தம் கடமைக்குக் கேடு வராமல் இரக்கம் காட்ட வல்லவர்க்கே இவ்வுலகம் உரிமை என்று அவர் எல்லை கட்டுகிறார். அதே அதிகாரத்தின் இறுதியில், பழகியவர் தரும் நஞ்சையும் மறுக்காத பெருந்தன்மையைப் புகழ்கிறார். இவை இரண்டும் முரண் அல்லவா என்று கேட்கலாம். முரண் இல்லை. நஞ்சை ஏற்பவன் இழப்பது தன் உயிரை. வரிசையை மீறிச் சீட்டுக் கொடுப்பவன் இழப்பது தன் பொருளையா? அன்று. விடியற்காலையிலிருந்து கால்கடுக்க நிற்கும் ஒருவருடைய முறையை எடுத்து மற்றொருவருக்குக் கொடுக்கிறான். தன்னுடையதை விட்டுக்கொடுப்பது கண்ணோட்டம். பிறனுடையதை எடுத்துக் கொடுப்பது களவு. எனக்குத் தெரிந்த வரையில் இந்த ஒரு வேற்றுமையை மனத்தில் வைத்துக்கொண்டால் தாட்சணியத்தால் யாரும் கெட வேண்டியதில்லை.

கடமை கெடாத கண்ணோட்டம் எப்படி இருக்கும் என்று ஓர் எடுத்துக்காட்டால் விளக்குகிறேன். இத்தீவுகளிலிருந்து நோயாளியோடு சென்னைக்கு வருவோர் பலர் வேலூர்க் கிறித்துவ மருத்துவக் கல்லூரி மருத்துவமனைக்குச் செல்கின்றனர். 1900ஆம் ஆண்டில் ஐடா ஸ்கடர் அம்மையார் ஒற்றைப் படுக்கையோடு தொடங்கிய மருந்தகம் இவ்வாறு வளர்ந்து நாடெங்கிலுமிருந்து மக்களை ஈர்க்கிறது. ஆனால் சென்னையிலிருந்து மேற்கே செல்லும் முதன்மைப் பாதையில் வேலூருக்கு இறங்க வேண்டிய நிலையத்தின் பெயர் காட்பாடி. இதனை அறியாதவர் படிவத்தில் வேலூர் என்று எழுதி நீட்டுவார். வண்டி எண்ணும் தெரியாது. "இந்த வண்டி வேலூருக்குப் போகாது" என்று சொல்லிப் படிவத்தைத் திருப்பித் தருவது விதிப்படி பிழையாகாது; சொன்னது உண்மையும்கூட. ஆனால் அவ்வுண்மையால் அம்மனிதருக்கு என்ன பயன்?

பணியில் சேர்ந்த புதிதில் எனக்குப் பயிற்சி தந்த மூத்த எழுத்தர் ஒருவர், "தம்பி, முதலில் முகத்தைப் பார், பிறகு படிவத்தைப் பார்" என்று சொல்லிக் கொடுத்தார். அதன் பொருளைச் சில ஆண்டுகளுக்கு முன்பு ஒரு நாள் நேரில் கண்டேன். வங்காள மொழி பேசும் முதியவர் ஒருவர் என் சன்னலுக்கு வந்தார். தமிழும் தெரியாது, ஆங்கிலமும் தெரியாது. என் இந்தியோ அரைகுறை. கையில் மருத்துவமனைத் தாள்கள் இருந்தன. படிவத்தில் வேலூர் என்று மட்டும் எழுதியிருந்தது. பின்னால் வரிசை முணுமுணுத்தது. அப்பொழுது அவருக்கு அடுத்து நின்ற தமிழ்ப் பெண்மணி முன்வந்து, இந்தியில் அவரிடம் கேட்டு எனக்குத் தமிழில் சொன்னார். உடன் வருபவர் நோயுற்ற மனைவி என்பது தெரிந்தது. இருவருடைய வயதையும் கேட்டுக் குறித்தோம். ஏனெனில் அறுபது வயது நிறைந்த ஆடவர்க்கும் நாற்பத்தைந்து வயது நிறைந்த பெண்டிர்க்கும், இடம் இருக்கும் அளவில், கீழ்ப்படுக்கை தர விதியே வழிசெய்திருக்கிறது. காட்பாடிக்குச் சீட்டு வழங்கினேன். "உறவினரா அம்மா?" என்று அப்பெண்மணியைக் கேட்டேன். "இல்லை ஐயா, நாங்களும் அந்தமான்தான், ஒரே கப்பலில் வந்தோம்" என்றார்.

பெரியோர்களே, இதில் எந்த விதி வளைந்தது? யாருடைய முறை பறிபோனது? கூடுதலாகச் செலவானவை இரண்டு மூன்று நிமிடங்கள். அவையும் பெரும்பாலும் அந்த அம்மையார் தம் முறையிலிருந்து விட்டுக்கொடுத்தவை. "ஒரே கப்பலில் வந்தோம்" என்று அவர் சொன்னாரே, பரிமேலழகர் சொன்ன பழக்கம் என்பதற்கு அவர் கொண்ட இலக்கணம் அது! மொழி வேறு, இனம் வேறு. ஆயினும் மூன்று நாள் ஒரே கடலில் ஒரே தளத்தில் அசைந்து வந்தது போதும், அவர் கண் ஓடுவதற்கு.

இனி, கண்ணைப் பற்றிய வேறு இரண்டு செய்திகளை உங்கள் முன் வைக்க விரும்புகிறேன். இத்தீவுகளின் தலைநகர், போர்ட் பிளேயர் என்று வழங்கி 2024ஆம் ஆண்டு செப்டம்பரில் ஸ்ரீ விஜயபுரம் என்று பெயர் மாற்றப்பட்டது. அங்கே நிற்கும் செல்லுலார் சிறையை நீங்கள் பலமுறை கண்டிருப்பீர்கள். 1896ஆம் ஆண்டில் தொடங்கி 1906ஆம் ஆண்டில் கட்டி முடித்த சிறை அது. நடுவில் ஒரு கோபுரம்; அதிலிருந்து சக்கரத்தின் ஆரக்கால்கள் போல ஏழு சிறகுகள்; ஏறத்தாழ எழுநூறு தனியறைகள். ஒரு சிறகின் அறை வாயில்கள் அடுத்த சிறகின் முதுகையே பார்த்திருக்குமாறு அமைத்தனர். ஒரு கைதி வாயிற்கம்பியைப் பற்றிக்கொண்டு எவ்வளவு நேரம் நின்றாலும் மற்றொரு கைதியின் முகத்தைக் காண முடியாது. நடுக்கோபுரத்தில் நிற்கும் காவலனுக்கோ எல்லாச் சிறகுகளும் கண்ணுக்கு எட்டும். பார்க்கும் கண் ஒன்றே, அது காவற்கண். மற்றவர் கண்கள் ஒன்றையொன்று நோக்கி ஓடாதபடி செங்கல்லால் தடுத்தனர்.

கண்ணோட்டத்தை அடியோடு நீக்க வேண்டுமானால் என்ன செய்ய வேண்டும் என்று யாரேனும் கேட்டால் அக்கட்டடத்தைக் காட்டலாம். உணவைக் குறைப்பதும், செக்கிழுக்க வைப்பதும் உடலைத் துன்புறுத்துவன. ஒரு முகமும் காணாதபடி செய்வது மனிதத் தன்மையையே வற்றச் செய்வது. நல்ல வேளையாக, ஏழு சிறகுகளில் இன்று நிற்பவை மூன்றே. சிறை வளாகத்தின் ஒரு பகுதியில் 1963ஆம் ஆண்டில் கோவிந்த வல்லப பந்த் மருத்துவமனை எழுந்தது. எஞ்சிய சிறை 1979ஆம் ஆண்டில் தேசிய நினைவகமாயிற்று. முகம் காணாமல் தடுத்த இடத்திலேயே இன்று மருத்துவர் நோயாளியின் முகம் பார்த்து நலம் கேட்கிறார்.

இரண்டாவது செய்தி, கங்காணி என்னும் சொல். கண்காணி என்பதே வழக்கில் கங்காணி ஆயிற்று. இலங்கைக்கும் மலேயாவுக்கும் நம் மக்களைத் தோட்ட வேலைக்கு அழைத்துச் சென்று, அங்கே அவர்களை மேற்பார்த்தவரின் பெயர் அது. தேயிலைக்கும் இரப்பருக்கும் உழைத்த நம் முன்னோர்மீது எந்நேரமும் ஒரு கண் இருந்தது. ஆனால் அது வேலையைப் பார்த்த கண். வேலை செய்தவனைப் பார்த்த கண் அன்று. 1964ஆம் ஆண்டு அக்டோபர் 30ஆம் நாள் சிறிமாவோ - சாஸ்திரி ஒப்பந்தம் கையெழுத்தாயிற்று. அதன்படி 5,25,000 பேரை இந்தியா ஏற்பதென்றும் 3,00,000 பேர்க்கு இலங்கை குடியுரிமை தருவதென்றும் முடிவாயிற்று. அவ்வாறு திரும்பியவர்களுள் ஒரு பகுதியினர் நிக்கோபாரின் கச்சால் தீவில் இரப்பர்த் தோட்டத்தில் குடியமர்ந்தனர். அத்தீவை 2004ஆம் ஆண்டு டிசம்பர் 26ஆம் நாள் கடல்கோள் தாக்கியதை இங்கே எவரும் மறந்திருக்க மாட்டீர்கள்.

கண்காணிப்பும் வேண்டும்தான், அதனை நான் மறுக்கவில்லை. வள்ளுவரும் கண்ணோட்டத்தை அடுத்து ஒற்றாடல் என்னும் அதிகாரத்தை வைத்து, ஒற்றரை அரசனுக்கு ஒரு கண்ணாகவே சொல்கிறார். ஆனால் வரிசையைப் பாருங்கள். முதலில் இரங்கும் கண். அடுத்தே வேவு பார்க்கும் கண். நம் காலத்தில் தெருமுனைதோறும் கண்காணிப்புக் கருவிகள் பொருத்தப்படுகின்றன. அவை எல்லாவற்றையும் பார்க்கின்றன. எவர்மீதும் அவற்றின் கண் ஓடுவதில்லை. அந்த ஓட்டம் மனிதனுக்கே உரியது.

அப்படியானால் கண்ணோட்டத்துக்குப் புதிதாக வந்த பொருளை விலக்கிவிட வேண்டுமா? வேண்டியதில்லை. சொற்கள் பொருள் மாறுவது மொழியின் இயல்பு. நாற்றம் என்பது ஒரு காலத்தில் நறுமணத்தைக் குறித்தது; இன்று எதைக் குறிக்கிறது என்பதை நான் சொல்ல வேண்டியதில்லை. ஆயினும் ஒன்று சொல்வேன். கோணத்தைக் குறிக்க நோக்கு உண்டு, பார்வை உண்டு. ஆட்சியில் இருப்போன் காட்ட வேண்டிய இரக்கத்தைக் குறிக்கக் கண்ணோட்டத்தை விட்டால் வேறு சொல் எது? பிறரை நோக்கி ஓடிய சொல், "நான் நிற்கும் இடத்திலிருந்து எனக்கு இப்படித் தெரிகிறது" என்று தன்னிடமே நின்றுவிட்டது. சொல் நின்றது போல நாமும் நின்றுவிடக் கூடாது என்பதே என் கவலை.

இக்கவலைக்கு இத்தீவுகளில் தனியிடம் உண்டு. 2011ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பின்படி இங்கே வாழ்வோர் ஏறத்தாழ 3,80,000 பேர். அவருள் வங்காள மொழியினர் மிகுதி. தமிழர் நூற்றுக்குப் பதினைந்து பேர் அளவினர். இந்தி, தெலுங்கு, மலையாளம், நிக்கோபாரி பேசுவோரும் நம் அண்டை வீட்டார். தாய்நாடு விட்டு வந்தவர் தம் மொழியினரோடு சங்கம் கூடுவது இயற்கை, வேண்டியதும்கூட. ஆனால் கண்ணோட்டம் நம்மவர் என்னும் வேலிக்குள் மட்டும் ஓடுமானால் அது வெறும் இனப்பற்றாகச் சுருங்கிவிடும். என் சன்னலில் கண்ட அம்மையார் வேலியைத் தாண்டினார். அவர் இத்தீவில் வாழ்ந்து கற்ற பாடம் அது என்று நம்புகிறேன்.

முடிவாக, சங்கத்துக்கு ஒரு வேண்டுகோள். மருத்துவத்துக்காகக் கடல் கடந்து செல்வோர்க்கு ஒரு தாள் அச்சிட்டுக் கொடுங்கள். வேலூருக்குக் காட்பாடியில் இறங்க வேண்டும், படிவத்தில் வயதைத் தவறாமல் எழுத வேண்டும், மருத்துவமனைத் தாள்களையும் அடையாள அட்டையையும் கையோடு வைத்திருக்க வேண்டும் என்பன போன்ற சிறு செய்திகள் அதில் இருக்கட்டும். தமிழில் மட்டும் வேண்டா. வங்காளத்திலும் இந்தியிலும் இருக்கட்டும். இரயில் தொடர்பான செய்திகளை எழுதித் தருவது என் பொறுப்பு. தலைப்பாகக் கண்ணோட்டம் என்னும் ஒரு சொல்லை மட்டும் இடுங்கள். பொருள் தெரியாதவர் கேட்பார்கள். நம் பிள்ளைகள் விளக்கட்டும். அகராதியில் உறங்கும் சொல்லுக்கு அதைவிட நல்ல மறுவாழ்வு வேறு எது?